இருபத்தொன்று வரை

அட்லாண்டா புறநகரில் எங்கள் பக்கத்து வீட்டுக்காரர் முன்னாள் ராணுவ வீரர். ஒரு ஞாயிற்றுக்கிழமை வேலியோரம் பேசிக்கொண்டிருந்தபோது, மகளுக்குக் கைத்துப்பாக்கி ஒன்று தரப்போவதாகச் சொன்னார். அவளுக்கு இருபது வயது. மருத்துவமனையில் வேலை, ஷிஃப்ட் முடிய இரவு இரண்டு மணி ஆகிவிடும். பிரிந்துபோன காதலன் இரண்டு முறை பார்க்கிங் வரைக்கும் பின்தொடர்ந்து வந்திருக்கிறான். கடையில் அவளுக்கு விற்க மாட்டார்கள். அப்பா பரிசாகக் கொடுக்கலாம், அவள் வீட்டில் வைத்துக்கொள்ளலாம். ஆனால் இடுப்பில் செருகிக்கொண்டு தெருவில் நடக்க இருபத்தொன்று ஆகணும்.

"அவ வயசுல என் கையில எம்-16 கொடுத்து அனுப்பினாங்க. இவளுக்கு ஒரு பிஸ்டல் கூடாதாம். இதுல என்ன லாஜிக் இருக்கு?" என்றார்.

எனக்குப் பதில் தெரியவில்லை. சும்மா தலையாட்டிவிட்டு வந்துவிட்டேன்.

பிறகு சட்டத்தைப் படித்துப் பார்த்தேன். பல பேர் பல காலத்தில் ஒட்டுப்போட்ட பழைய கோட் மாதிரிதான் இருக்கிறது. மார்ட்டின் லூதர் கிங்கும் ராபர்ட் கென்னடியும் சுட்டுக்கொல்லப்பட்ட 1968இல் வந்த சட்டப்படி, லைசென்ஸ் பெற்ற கடைக்காரர் 21 வயதுக்குக் குறைந்தவருக்குக் கைத்துப்பாக்கி விற்கக்கூடாது. ரைஃபிள் என்றால் 18 போதும். 1994இல், 18 வயதுக்குக் குறைந்தவர்கள் சில விதிவிலக்குகள் தவிர கைத்துப்பாக்கி வைத்திருக்கவே கூடாது என்றார்கள். இடையில் இருக்கும் மூன்று வருடம் ஒரு சாம்பல் நிறப் பகுதி. ஜார்ஜியா மாநிலம் அதில் இன்னொரு ஒட்டுப் போட்டது: எடுத்துச்செல்ல 21, ராணுவப் பயிற்சி முடித்திருந்தால் 18.

பக்கத்து வீட்டுக்காரரின் லாஜிக்கைச் சட்டமே பாதி ஒப்புக்கொள்கிறது போலிருக்கிறது. 18 வயதில் போருக்கு அனுப்பலாம் என்றால் ஓட்டும் கொடு என்ற வாதம்தானே 1971இல் ஓட்டுரிமை வயதை 21லிருந்து 18க்குக் கொண்டுவந்தது?

ஆனால் ராணுவ வாதத்தில் ஒரு ஓட்டை இருக்கிறது. ராணுவம் அந்தப் பையனிடம் துப்பாக்கியை மட்டும் கொடுப்பதில்லை. மேலதிகாரி, கணக்குப் புத்தகம், பூட்டிய ஆயுதக் கிடங்கு எல்லாம் சேர்த்துத்தான் கொடுக்கிறது. இஸ்ரேல் ராணுவத்தில் வார இறுதி விடுப்புக்குப் போகும் இளம் வீரர்கள் துப்பாக்கியையும் வீட்டுக்குக் கொண்டுபோவார்கள். 2006இல் அதை முகாமிலேயே வைத்துவிட்டுப் போகச் சொன்னார்கள். தற்கொலைகள் சுமார் 40 சதவீதம் குறைந்தன. அதே வயது, அதே பயிற்சி, அதே துக்கங்கள். துப்பாக்கி இருந்த இடம் மட்டும்தான் மாறியது.

அமெரிக்காவில் துப்பாக்கியால் நிகழும் மரணங்களில் பாதிக்கும் மேல் தற்கொலை. துப்பாக்கி என்றதும் நமக்குத் திருடனும் பள்ளிக்கூடத்தில் சுடுபவனும்தான் ஞாபகம் வருகிறார்கள். அதை வாங்கியவனே அதற்குப் பலியாவது பேச்சில் வருவதே இல்லை.

எனக்குப் பத்தொன்பது வயதில் ஒரு இரவு இருந்தது. மூன்றாவது செமஸ்டரில் நான்கு அரியர், வீட்டில் சொல்லவில்லை, ஹாஸ்டல் அறையில் தனியாக உட்கார்ந்திருந்தேன். இதற்கு மேல் எழுத வேண்டாம். கைக்கெட்டும் தூரத்தில் ஒன்றும் இல்லை, அவ்வளவுதான். காலையில் மெஸ்ஸில் பொங்கல் போட்டார்கள். சாப்பிட்டேன். அந்த இரவில் என்னிடம் முதிர்ச்சி இருந்ததா என்று கேட்டால் சிரிப்புத்தான் வரும். ஒரு சில மணி நேரம் கடந்துபோனது, அதுதான் என்னைக் காப்பாற்றியது. வயது வரம்பு என்பதும் சட்டம் கொடுக்கும் அப்படி ஒரு அவகாசம்தான் என்று இப்போது நினைக்கிறேன்.

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. ஒரு கூட்டத்தின் புள்ளிவிவரத்தை வைத்து ஒரு தனிமனிதரின் உரிமையைப் பறிக்கலாமா? இனத்தையோ சாதியையோ வைத்து அப்படிச் செய்தால் நாம் கொதித்துவிடுவோம். வயதை வைத்துச் செய்தால் மட்டும் எப்படிச் சரி? வயதை எல்லோரும் கடந்துபோகிறார்கள், அது யார் மேலும் நிரந்தரமாக ஒட்டுவதில்லை என்பது என் பதில். நீதிமன்றங்களே இதில் ஒத்துப்போகவில்லை. 2025 ஜனவரியில் ஒரு மேல்முறையீட்டு நீதிமன்றம் 1968இன் கட்டுப்பாடு அரசியலமைப்புக்கு எதிரானது என்றது. மார்ச்சில் இன்னொன்று ஃப்ளோரிடாவின் 21 வயது வரம்பு செல்லும் என்றது.

எந்த வரம்பு வைத்தாலும் அது சில பேருக்குத் தப்பாகத்தான் போகும் என்பது என் தொழிலில் தினசரி அனுபவம். யாருக்குத் தப்பாகப் போகிறது, அதன் விலையை யார் கொடுக்கிறார்கள் என்பதைத்தான் பார்க்க வேண்டும். இந்தச் சட்டம் காப்பாற்றியவனுக்குத் தான் காப்பாற்றப்பட்டதே தெரியாது. கைவிடப்பட்டவளுக்கோ, பார்க்கிங்கில் நடக்கும் ஒவ்வொரு அடியிலும் தெரியும்.

அடுத்த வாரம் அவரிடம் இஸ்ரேல் கதையையும் என் ஹாஸ்டல் இரவையும் சொன்னேன்.

"என் பொண்ணு அப்படிப்பட்டவ இல்ல" என்றார்.

"எங்கப்பாவும் என்னைப் பத்தி அப்படித்தான் சொல்லியிருப்பார்."

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு கேட்டார்: "சரி, அவ காத்திருக்கட்டும். ராத்திரி ரெண்டு மணிக்கு அந்தப் பார்க்கிங்ல அவகூட யார் நிப்பா?"

காத்திரு என்று சொல்லும் சட்டம் இதற்கும் பதில் சொல்லியாக வேண்டும். கூப்பிட்டால் வரும் போலீஸ், காகிதத்தோடு நிற்காத தடை உத்தரவு, ஷிஃப்ட் முடிந்ததும் கார் வரைக்கும் கூட வரும் ஒரு காவலாளி. அவையெல்லாம் இல்லாத இடத்தில், அவளிடம் பொறுமையைக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. துப்பாக்கியைக் கொடுங்கள் என்று சொல்லவும் வரவில்லை.