டின் கறியும் கைமணமும்

தமிழில் 'கைமணம்' என்று ஒரு சொல் இருக்கிறது. சமைத்தவரைப் பாராட்டும் சொல் என்றுதான் பொதுவாக நினைக்கிறோம். எனக்கு அது ஒரு தீர்ப்பாகத்தான் அறிமுகமானது. "டின்னுல வர்றதுல என்ன கைமணம் இருக்கப் போவுது?" என்பார் அப்பாயி. யாரையும் பார்த்துச் சொல்ல மாட்டார், சட்டியைப் பார்த்துச் சொல்வார். சட்டியை இறக்கி வைத்தவர் என் அம்மா.

சட்டியில் இருந்தது எங்கள் வீட்டில் 'ஸ்டூ' என்று பெயர் பெற்ற ஒன்று. ஆட்டுக்கறி டின் ஒன்று, பட்டாணி டின் ஒன்று, தக்காளி சாஸில் ஊறிய பீன்ஸ் டின்னில் பாதி, நாலு உருளைக்கிழங்கு, இரண்டு கேரட். கறி டின்னைத் திறந்ததும் மேலே கெட்டியாக நிற்கும் கொழுப்பை மட்டும் வழித்துச் சட்டியில் போட வேண்டும். அதுவே எண்ணெய். அதில் பட்டை, அன்னாசிப்பூ, வெங்காயம், இஞ்சி பூண்டு, ஒரு கரண்டி கறித்தூள். உருளைக்கிழங்கும் கேரட்டும் தண்ணீரில் முக்கால் பதம் வெந்த பிறகு பீன்ஸ். கறி கடைசியில்தான். அது ஏற்கனவே வெந்த கறி, கொதிக்க விட்டால் நார் நாராகப் பிரிந்துவிடும். பட்டாணி அதற்கும் பிறகு. உப்பு போடவே கூடாது, டின்னில் இருப்பதே போதும். குழம்பு தளதளவென்று வர இரண்டு உருளைத் துண்டைக் கரண்டி முதுகால் மசித்துவிட வேண்டும். அரை மணி நேரம். ரொட்டியோடு சாப்பிட்டால் தட்டைத் துடைத்த மாதிரி ஆகிவிடும்.

அந்த அரை மணி நேரம்தான் அம்மாவிடம் இருந்தது. அவர் சிங்கப்பூரில் ஒரு மின்னணுப் பொருள் தொழிற்சாலையில் வேலை செய்தார். ஜொகூர் பாருவில் விடியற்காலை நாலரை மணிக்குப் பேருந்து நிறுத்தத்தில் நின்றிருக்கிறீர்களா? ஊர் தூங்கவே இல்லையோ என்று தோன்றும். 1924இல் திறந்த அந்தக் கடற்பாலம் ஒரு கிலோமீட்டர் நீளம்தான். ஆனால் கொரோனாவுக்கு முன்பு இரு நாடுகளுக்கும் நடுவே தினமும் 3 லட்சம் பேருக்கு மேல் போய் வந்தார்கள். அந்த ஒரு கிலோமீட்டர் சில மாலைகளில் இரண்டு மணி நேரம் ஆகும். அம்மா வீடு வந்து சேர ஒன்பது மணி.

எனக்கு இதில் நெடுநாள் புரியாமல் இருந்தது சார்டின். அதுவும் டின்தானே? பிரெஞ்சுக்காரர் ஒருவர் 1892இல் சிங்கப்பூரில் தொடங்கிய வியாபாரத்திலிருந்து வந்த சேவல் படம் போட்ட டின், மலேசியத் தமிழ் வீடுகளில் கிட்டத்தட்ட குலதெய்வம் மாதிரி அலமாரியில் உட்கார்ந்திருக்கிறது. சார்டின் சம்பல், சார்டின் பிரட்டல், சார்டின் வைத்த கறிபாப். அப்பாயியே வைப்பார். பிரமாதமாக வைப்பார். அதற்குக் கைமணம் உண்டு என்று ஊரே சொல்லும். கறி டின்னுக்கு மட்டும் ஏன் இல்லை?

இப்போது எனக்குக் கிடைத்திருக்கும் பதில் இது. சார்டின் டின் வேலையை மிச்சம் வைக்கிறது. மீனின் நடுமுள்ளை எடுக்க வேண்டும், வெங்காயத்தை வதக்க வேண்டும், மிளகாய் அரைக்க வேண்டும், புளி கரைக்க வேண்டும். கறி டின்னோ மசாலாவோடு, வெந்து, முடிந்து வருகிறது. அதில் பெண் செய்வதற்கு அதிகமாக ஒன்றும் இல்லை. அப்படியென்றால் கைமணம் என்று நாம் அளப்பது ருசியை அல்ல. சட்டியில் எவ்வளவு நேரம் கரைந்திருக்கிறது என்பதை. யாருடைய நேரம் என்பதையும்.

அப்பாயியின் பக்கம் நியாயமே இல்லை என்று நான் சொல்லவில்லை. சமையல் என்பது ஒரு குறிப்பிட்ட ஆளை மனதில் வைத்துச் செய்வது. தாத்தாவுக்குப் பல் இல்லை, அதனால் கறி இன்னும் கொஞ்சம் வேகட்டும். சின்னவனுக்குக் காரம் ஆகாது. டின்னில் உள்ள கறி யாரையும் மனதில் வைத்துச் சமைக்கப்பட்டதல்ல. அது எல்லோருக்குமானது, ஆகவே யாருக்குமானதல்ல. இது உண்மையான இழப்புதான். 'ருசி ஒன்றுதானே, என்ன பெரிய வித்தியாசம்' என்று சொல்பவர்களை நான் நம்புவதில்லை.

ஆனால் "அதுல யாரோட கையும் படல, மெசின்தான் செய்யுது" என்ற வாதத்தை மட்டும் என்னால் ஏற்க முடியாது. ஸ்கூடாயில் பொறியியல் படித்தபோது தொழிற்பயிற்சிக்காக டின் உணவு செய்யும் ஓர் ஆலையில் சில மாதங்கள் இருந்தேன். அங்கே என் வேலை ரிட்டார்ட் என்கிற ராட்சத பிரஷர் குக்கரின் பதிவுகளைச் சரிபார்ப்பது. டின்னுக்குள் எந்தப் புள்ளி கடைசியாகச் சூடாகிறதோ அதற்குக் குளிர்புள்ளி என்று பெயர். கெட்டியான உணவென்றால் அது நட்டநடுவில் இருக்கும். குழம்பாக ஓடும் உணவென்றால் நடுவுக்குச் சற்றுக் கீழே. அந்தப் புள்ளிக்கு 121 டிகிரியில் 3 நிமிடத்துக்கு ஈடான சூடாவது கிடைத்திருக்க வேண்டும். பொட்டுலினம் என்ற கிருமியின் வித்துகள் லட்சம் கோடியில் ஒன்றுதான் பிழைக்கலாம் என்பது கணக்கு. நடுவில் அந்த 3 நிமிடம் கிடைக்க, முழு டின்னும் ஒரு மணி நேரம்கூட ஆவியில் கிடக்கும். முன்பின் தெரியாத ஒருவர் இரண்டு வருடம் கழித்து இதைத் திறந்து சாப்பிட்டுச் சாகக் கூடாது என்று ஓர் ஆலை முழுக்க உட்கார்ந்து கவலைப்படுகிறது. இதையும் அக்கறை என்றுதான் சொல்ல வேண்டும் என்று அப்போது தோன்றியது. இப்போதும் தோன்றுகிறது.

கைகளும் இருந்தன. குளிரறையை ஒட்டிய நீண்ட மேசையில் நேபாளத்திலிருந்தும் பங்களாதேஷிலிருந்தும் மியன்மாரிலிருந்தும் வந்தவர்கள் வரிசையாக நின்று கறியைத் துண்டு போட்டு எலும்புச் சில்லுகளைப் பொறுக்கினார்கள். இரண்டு கையுறைகளை ஒன்றின் மேல் ஒன்றாகப் போட்டிருந்தும் விரல்கள் மரத்துப் போகும். மதிய இடைவேளையில் அவர்கள் விடுதியில் வடித்த சோறும் பருப்பும் சாப்பிட்டார்கள். டின்னை யாரும் தொட்டு நான் பார்க்கவில்லை. அந்த மேசையைப் பார்த்த பிறகு 'கைபடாத உணவு' என்ற சொல் எனக்குப் பொருளிழந்துவிட்டது. டின்னில் கை இல்லாமல் இல்லை. நமக்குத் தெரியாதவர்களின் கையாக இருப்பதால் நாம் அதற்கு மணம் தருவதில்லை.

இந்தத் தொழிலே ஒரு சமையல்காரரிடமிருந்துதான் வந்தது. நிக்கோலா அப்பேர் பாரீஸில் மிட்டாய்க் கடை வைத்திருந்தவர். உணவைக் கண்ணாடிப் புட்டியில் அடைத்து, மூடி, வெந்நீரில் கொதிக்க வைத்தால் கெடாது என்று கண்டுபிடித்து 1810இல் பிரெஞ்சு அரசிடம் 12,000 பிராங்க் பரிசு வாங்கினார். ஏன் கெடுவதில்லை என்று அவருக்குத் தெரியாது. கிருமிதான் காரணம் என்று பாஸ்டர் விளக்க இன்னும் அரை நூற்றாண்டு ஆனது. அதே 1810இல் இங்கிலாந்தில் பீட்டர் டுராண்ட் தகர டின்னுக்குக் காப்புரிமை வாங்கினார். டின் திறப்பான் வந்தது 1850களில். அதுவரை உளியும் சுத்தியலும்தான்! இரும்புத் தகட்டில் பூசிய ஈயத்தின் பெரும்பகுதியைப் பின்னாளில் உலகத்துக்குத் தோண்டிக் கொடுத்தது மலாயா. நம் மண்ணிலிருந்து போன ஈயம் கறியையும் பாலையும் சுமந்துகொண்டு நம் கடைக்கே திரும்பி வந்திருக்கிறது.

ஹன்னா அரெண்ட் 1958இல் எழுதிய 'மனித நிலை' நூலில் உழைப்பையும் வேலையையும் பிரிக்கிறார். சமைப்பது, துடைப்பது போன்றவை உழைப்பு. செய்த உடனே தின்று தீர்ந்து, நாளை மறுபடி முதலிலிருந்து தொடங்க வேண்டியவை, எதையும் மிச்சம் வைக்காதவை. மேசை செய்வது வேலை. அது நிற்கும். டின்னை இதில் எங்கே வைப்பது? அது சமைத்த உணவு, ஆனால் மேசையைப் போல நிற்கிறது. தினமும் அழிந்துகொண்டே இருக்கும் உழைப்பில் ஒரு துண்டை எடுத்து அலமாரியில் வைக்க முடிந்தது. அதனால்தான் அது சிலருக்கு உறுத்துகிறது என்று சந்தேகப்படுகிறேன். தீர்ந்துபோவதுதானே தியாகத்துக்கு அழகு.

டின் மேல் நம் பாட்டிகளுக்கு இருந்த அவநம்பிக்கைக்கு வேறொரு வரலாறும் உண்டு. அதைச் சொல்லாமல் போனால் நான் டின் கம்பெனிக்கு விளம்பரம் எழுதியவள் ஆகிவிடுவேன். சிசிலி வில்லியம்ஸ் என்ற மருத்துவர் 1939இல் சிங்கப்பூர் ரோட்டரி சங்கத்தில் 'பாலும் கொலையும்' என்ற தலைப்பில் ஓர் உரை நிகழ்த்தினார். இனிப்பூட்டிய டின் பாலைக் குழந்தைகளுக்குக் கொடுக்கச் சொல்லி நடந்த பிரசாரத்தால் சாகும் குழந்தைகளின் மரணத்தைக் கொலையாகவே கருத வேண்டும் என்றார். சபையில் இருந்தவர்களின் முகங்களை நினைத்துப் பார்க்கிறேன். என் அப்பாயி குளுவாங் பக்கத் தோட்டம் ஒன்றில் பால்மரம் வெட்டியவர். இருட்டோடு பிள்ளைகளை ஆயாக்கொட்டகையில் விட்டுவிட்டு நிரைக்குப் போக வேண்டும். தாய்ப்பாலுக்குப் பதில் அங்கே பிள்ளைகளுக்கு டின் பால்தான். அவருக்கு டின் என்றால் அதுதான் ஞாபகம். தானும் விரும்பிக் கொடுக்கவில்லை, வேறு வழியும் இருக்கவில்லை. ஆனால் வில்லியம்ஸ் கைநீட்டியது விற்பவர்களை நோக்கி. அப்பாயி கைநீட்டியது இன்னொரு ஷிப்ட் தொழிலாளியை நோக்கி. இரண்டும் ஒரே டின் மீதான கோபம்தான், போய்ச் சேர்ந்த இடம் வேறு.

நம் இலக்கியத்திலேயே உழைப்பில்லாமல் சோறு தரும் பாத்திரம் ஒன்று இருக்கிறது. மணிமேகலையின் அமுதசுரபி. எடுக்க எடுக்கக் குறையாது. ஆனால் அது நேரடியாக வேலை செய்யத் தொடங்கவில்லை. கற்புடைய பெண்ணின் கையால் முதல் பிச்சை விழ வேண்டும். ஆதிரை வந்து இட்ட பிறகுதான் அது வற்றாத பாத்திரமாகி, காயசண்டிகையின் யானைப்பசி தீர்கிறது. பள்ளியில் இதைப் படித்தபோது அழகாக இருந்தது. இப்போது படித்தால் வேறொன்று கண்ணில் படுகிறது. தெய்வப் பாத்திரத்துக்கே ஒரு பெண்ணின் கை தேவைப்பட்டிருக்கிறது. அதுவும் எந்தப் பெண்ணின் கை என்று சான்றிதழ் பார்த்துத்தான்.

2020 மார்ச் 18 அன்று நடமாட்டக் கட்டுப்பாடு வந்தபோது பலரைப் போல அம்மாவும் சிங்கப்பூரிலேயே தங்கிவிட்டார். வேலையை விட முடியாது. சில வாரம் என்று நினைத்தது ஒன்றரை வருடத்துக்கு மேல் இழுத்தது. தனிமைப்படுத்தல் இல்லாத தரைவழி ஏற்பாடு வந்தது 2021 நவம்பர் கடைசியில்தான். வீட்டில் அப்பா, அப்பாயி, தம்பி, நான். அந்த முதல் மாதத்தில் ஒருநாள் அப்பா ஸ்டூ வைத்தார். அதே கறி டின், அதே பட்டாணி டின். அம்மா தொலைபேசியில் ஒவ்வொரு படியாகச் சொன்னார், அப்பா ஒவ்வொரு படியையும் முன்பின்னாகச் செய்தார். கறியை முதலிலேயே போட்டுக் கொதிக்க விட்டதில் அது நூல் நூலாகிவிட்டது. பட்டாணி எங்கே என்று தேட வேண்டியிருந்தது.

அப்பாயி இரண்டாவது தடவை போட்டுக்கொண்டார். பிறகு ஈப்போவில் இருக்கும் அத்தைக்குப் போன் போட்டு, "எம்புள்ள இன்னைக்கு அவனே ஆட்டுக்கறி சமைச்சிட்டான்டி" என்றார். குரலில் இருந்த பெருமை பொய்யில்லை. டின் என்ற சொல் அந்த உரையாடலில் ஒருமுறைகூட வரவில்லை.

நான் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தேன். இருபது வருடமாக ஒரு பெண்ணிடமிருந்து மறுக்கப்பட்ட 'சமைச்ச' என்ற வினைச்சொல் ஒரே ராத்திரியில் ஓர் ஆணுக்கு எப்படிக் கிடைத்தது என்று கேட்கத் தோன்றியது. கேட்கவில்லை. எண்பது வயது அப்பாயியிடம் வெற்றி பெற்று என்ன செய்ய? அம்மாவிடம் மட்டும் சொன்னேன். அவர் அங்கே தொழிற்சாலை விடுதியில் நாலு பேரோடு ஓர் அறையில் இருந்தார். கொஞ்ச நேரம் சிரித்தார். அப்புறம், "அப்பா உப்பு போட்டுட்டாரா?" என்று கேட்டார். போட்டுவிட்டார் என்றேன். "அப்ப நாளைக்கு ரெண்டு உருளைக்கிழங்கு சேத்துப் போட்டு சூடு பண்ணச் சொல்லு. அவருக்குப் பிரஷர் இருக்கு" என்றார்.