எண்ணம் இல்லையேல் குற்றம் இல்லையா?

பிறருக்குத் தீங்கு செய்யும் எண்ணம் நமக்கில்லை. ஆயினும் நம்மால் தீங்கு விளைந்தால், அதற்கு நாம் உத்தரவாதிகளா?

அமெரிக்காவில் ஹூஸ்டன் என்னும் பட்டணம் உண்டு. 1979-ஆம் ஆண்டு, அங்கே கறுப்பின மக்கள் வாழ்ந்த பகுதியில், பள்ளிக்கூடத்துக்கு அருகே, குப்பைக் கிடங்கு அமைக்க ஏற்பாடாயிற்று. குடியிருப்போர் வழக்குத் தொடுத்தனர். அவ்வழக்குக்காக ராபர்ட் புல்லார்டு என்னும் சமூகவியல் பேராசிரியர், பட்டணத்துக் குப்பை எங்கே போகிறதென்று கணக்கெடுத்தார். நகராட்சியின் 5 குப்பைமேடுகளும், 8 எரியுலைகளில் 6-ம் கறுப்பின மக்களின் குடியிருப்புகளிலேயே இருந்தன. அவர்களோ ஜனத்தொகையில் ஏறத்தாழ நாலில் ஒரு பங்கினர்தான்.

இனத்துவேஷ எண்ணம் ரூபிக்கப்படவில்லை என்றது நீதிமன்றம். கிடங்கு அமைந்தது.

சட்டம் அவ்வளவில் நிற்கலாம், மனச்சாட்சி நிற்கலாகாது. சுவிசேஷத்தில் வரும் செல்வந்தன் லாசரை அடித்தானில்லை, விரட்டினானுமில்லை. வாசலில் கிடந்தவனைக் கவனியாமல் உண்டு களித்தான். அதுவே அவனுடைய குற்றம். அறியக்கூடியதை அறிய முயலாதவன், அறியாமையைச் சாக்குச் சொல்ல முடியாதென்று திருச்சபை போதிக்கிறது. புல்லார்டு கண்டதெல்லாம் ஒளித்து வைத்த இரகசியமல்ல. கேட்டிருந்தால் எவருக்கும் தெரிந்திருக்கும். பல்லாண்டுகளாகப் புகையும் நாற்றமும் ஒரே ஜனத்தின் பிள்ளைகள்மேல் விழுந்தும், கேட்பார் இல்லை.

நம் வீட்டுக் குப்பை வாசலைத் தாண்டியபின் யார் வாசலில் விழுகிறது? அதை அள்ளுகிறவர் யார், அதன் புகையைச் சுவாசிப்பவர் யார்? பாவசங்கீர்த்தனத்துக்கு ஆயத்தம் செய்யும்போது, செய்த தீமைகளோடு, கேளாமல் விட்ட இக்கேள்விகளையும் எண்ணிப் பார்ப்போமாக.