அவள் பெயர் லீபெரா!

இத்தாலி நாட்டிலே பெண் குழந்தை பிறந்தால் பெயருக்குப் பஞ்சமில்லை. மரியா என்பர், அன்னா என்பர், ஜூலியா என்பர், சோஃபியா என்பர். மாதா கோயிலிலிருந்து ஒரு பெயர், பாட்டியிடமிருந்து ஒரு பெயர், இசை நாடக மேடையிலிருந்து ஒரு பெயர் — கூடை கொள்ளாத அளவு பெயர்கள்! அந்தக் கூடையின் அடியிலே, அதிகம் பேர் கை வைக்காத பெயரொன்று கிடக்கிறது. லீபெரா!

சின்னஞ் சிறு பெயர். நாவிலே இடறாமல் ஓடும் பெயர். பொருள் என்ன என்று கேட்டால், 'விடுதலை பெற்றவள்' என்று சொல்லிவிடத் தோன்றும். சரியன்று. பெற்றவள் என்றால் கொடுத்தவன் ஒருவன் வேண்டும். கொடுத்தவனிடம் நன்றி பாராட்டவேண்டும். அவன் திருப்பிக் கேட்டால் கொடுத்தாகவேண்டும்! லீபெரா அப்படிப்பட்டவளல்லள். கட்டற்றவள், தன் வயத்தவள் — இதுதான் பொருள். அம்மட்டோ! இத்தாலிய மொழியிலே அதே சொல்லை வினையாக எடுத்துக்கொண்டால், 'அவள் விடுவிக்கிறாள்' என்று பொருள்படும். ஏவலாக எடுத்துக்கொண்டாலோ, 'விடுவி!' என்று ஆணையிடும். பண்பும் அதிலே, செயலும் அதிலே, கட்டளையும் அதிலே. ஒரு சொல்லுக்குள்ளே இவ்வளவு வெடிமருந்தை அடைத்து, அதைத் தொட்டிலிலே கிடக்கும் பச்சைக் குழந்தையின் தலைமாட்டிலே வைக்கிறார்கள் பெற்றோர்கள்.

இதற்கு அக்காள் முறையாக இன்னொரு பெயர் உண்டு. லீபெராத்தா — 'விடுவிக்கப்பட்டவள்'. அந்தப் பெயரிலே ஒரு புனிதவதியும் உண்டு. கதையைக் கேளுங்கள். மன்னன் மகள், மணம் வேண்டாம் என்கிறாள். தந்தை விடவில்லை, ஒரு வேந்தனுக்கு நிச்சயித்துவிடுகிறான். அவள் ஆண்டவனை வேண்டுகிறாள்; ஆண்டவன் மனமிரங்கி, அவள் முகத்திலே தாடியை முளைக்கச் செய்கிறான்! மாப்பிள்ளை ஓடிவிடுகிறான். கோபங்கொண்ட தந்தை மகளைச் சிலுவையிலே அறைந்து கொன்றுவிடுகிறான். இப்படி 'விடுவிக்கப்பட்ட'வளிடம், தங்களையும் விடுவிக்கும்படி வேண்டிக்கொண்டு மெழுகுவத்தி ஏற்றினர் மாதர்கள், பல நூறு ஆண்டுகளாக. அவள் வாழ்ந்தவள் அல்லள், கற்பனை என்பதை ஆராய்ச்சியாளர் எடுத்துக் காட்டினர். ஆனால் அந்தக் கற்பனைக்குள்ளே புழுங்கிய துயரம் கற்பனையன்று. வேண்டாம் என்று சொல்ல வாயில்லாத பெண்களுக்குத் தாடி ஒன்றுதான் வழி என்று தோன்றியிருக்கிறது!

லீபெராவுக்கு வருவோம். அந்தப் பெயர் இத்தாலியிலே இரு வழியாக நடந்து வந்தது. தெற்கிலே, 'விடுதலை மாதா' வழிபாடு உண்டு. அப்ருட்சி மலைநாட்டிலே பிராத்தோலா பெலிஞ்ஞா என்ற ஊரில் அவளுக்குப் பெருங்கோயில் இருக்கிறது. கொள்ளை நோயிலிருந்து ஊரை விடுவித்தாள் என்பது நம்பிக்கை. அந்த நன்றிக்காகப் பெண் மக்களுக்கு அவள் பெயரைச் சூட்டினர். வடக்கிலே, ரொமாஞ்ஞா போன்ற பகுதிகளிலே, கதை வேறு. அங்கே சமதர்மம் பேசியோரும், அரசே வேண்டாம் என்ற அரசின்மைவாதிகளும் மிகுதி. அவர்கள் புனிதர்களின் பட்டியலை மூடி வைத்துவிட்டு, தம் கொள்கையிலிருந்தே பெயர் எடுத்தனர். மகன் பிறந்தால் லீபெரோ, ரிபெல்லே என்ற கலகக்காரன், ஆத்தெயோ என்ற நாத்திகன், ரோமாபுரி அடிமைகளைத் திரட்டிப் போரிட்டவன் நினைவாக ஸ்பார்த்தாகோ. மகள் பிறந்தால் லீபெரா! ஒரே பெயர்: தெற்கிலே மண்டியிட்டுச் சூட்டினர், வடக்கிலே மார் நிமிர்த்திச் சூட்டினர்.

1866 சனவரி முதல் நாளிலிருந்து, பிறப்பைப் பதியும் வேலை அரசின் ஏட்டுக்கு வந்தது. குழந்தையோடு பாதிரியிடம்தான் போகவேண்டும் என்பதில்லை. நகர மன்ற அலுவலகத்துக்குப் போனால் போதும். கொள்கைப் பெயர்கள் பெருக அதுவும் ஒரு காரணம். திருச்சபை சும்மா இருக்குமா? 1917 இல் தொகுத்த தன் சட்டத்திலே ஒரு விதி வைத்தது — கிறித்துவப் பெயரிடும்படி பெற்றோரிடம் சொல், கேட்காவிட்டால் அவர்கள் இட்ட பெயரோடு ஒரு புனிதர் பெயரையும் சேர்த்து ஏட்டிலே எழுதிக்கொள் என்று! தந்தை ஒரு பெயர் சொல்வான், பாதிரி இன்னொன்றையும் சேர்த்து எழுதுவார். குழந்தை இரண்டையும் அறியாமல் உறங்கும்.

இந்தப் பெயரின் அருமை முழுவதும் விளங்கவேண்டுமானால், பழைய ரோமாபுரிக்குப் போகவேண்டும். சட்டத்தின் தாய், நாகரிகத்தின் ஊற்று என்றெல்லாம் புகழப்படுகிற ரோமாபுரி, தன் மகளுக்கென்று தனிப் பெயர் ஒன்று தரவில்லை, தோழர்களே! ஆணுக்கு இரண்டு பெயர், மூன்று பெயர். பெண்ணுக்கோ, குடியரசின் பிற்காலத்திலே பெரும்பாலும் குலப்பெயரின் பெண்பால் வடிவம், அவ்வளவே. சீசருக்கு உடன்பிறந்தார் இருவர்: மூத்தவள் ஜூலியா, இளையவளும் ஜூலியா. அத்தை ஜூலியா. மகள் ஜூலியா! குழப்பமாக இருக்கிறதே என்றால், பெரியவள், சிறியவள் என்றனர். பிறகும் பிறந்தால் மூன்றாமவள் என்று எண் போட்டனர். மூட்டைகளுக்குப் போடுவார்களே, அதுபோல.

அதே லத்தீன் மொழியிலே, பெற்ற பிள்ளைகளைக் குறிக்க 'லீபெரி' என்ற சொல் வழங்கிற்று. கட்டற்றோர் என்பது அதன் நேர்ப்பொருள். வீட்டிலே அடிமைகளும் இருந்தனர், அடிமையல்லாத மக்களும் இருந்தனர். ஆகவே மக்களைக் கட்டற்றோர் என்றனர் என்று விளக்கம் தருவர். பெயர் கட்டற்றோர், ஆனால் அவர்களைக் கொல்லவும் தந்தைக்கு அதிகாரம்! மார்ச்சு 17 ஆம் நாள் லீபெர் என்ற தேவனின் திருவிழா. அன்று இளைஞர்கள் சிறுபிள்ளை ஆடை களைந்து, வளர்ந்த ஆடவரின் வெள்ளாடை உடுத்தி ஊர்வலம் வருவர். லீபெர் தேவனுக்கு இணையாக லீபெரா என்ற தேவியும் இருந்தாள், கி.மு. 493 இல் அவந்தீன் குன்றிலே இருவருக்கும், செரெஸ் என்ற தானியத் தேவிக்கும் எழுந்த கோயில், உரிமை கேட்டுப் போராடிய எளிய குடிகளின் கோயிலாகவே விளங்கிற்று. கோயிலிலே தேவி உண்டு. தெருவிலே பெண்களுக்கு அந்த வெள்ளாடை ஊர்வலம் இல்லை. அவர்கள் தந்தையின் கையிலிருந்து கணவனின் கைக்குப் போயினர். 'மனுஸ்' என்பது அந்த ஏற்பாட்டின் சட்டப் பெயர். நம் மனுவுக்கும் அதற்கும் உறவில்லை. 'கை' என்றுதான் பொருள். ஆனால் வேலை என்னவோ ஒன்றுதான்!

இந்த மண்ணிலே, எண் போட்டு மகளை அழைத்த இந்த மண்ணிலே, ஒருவன் எழுந்து 'என் மகள் பெயர் லீபெரா' என்று சொல்லும்போது, அந்தப் பெயரின் கவர்ச்சி ஓசையிலே மட்டுமா இருக்கிறது?

ஆனால், கவர்ச்சியிலே மயங்கிவிடுவது நமக்கு அழகன்று. பெயர் ஆளை உருவாக்கும் என்று கருதுவோருக்கு ஒரு கொல்லுப்பட்டறையைக் காட்டுவோம். ரொமாஞ்ஞாவிலே பிரெதாப்பியோ என்ற சிற்றூர். 1883 சூலை 29. அலெசாந்திரோ என்ற கொல்லருக்கு ஆண் குழந்தை. அவர் சமதர்மவாதி. மகனுக்கு மூன்று பெயர் வைத்தார். மெக்சிகோவிலே குருமார் ஆதிக்கத்தை எதிர்த்த ஹுவாரெசின் நினைவாகப் பெனிட்டோ. பாரிஸ் கம்யூனிலே போரிட்ட சிப்ரியானியின் நினைவாக அமில்காரே. இத்தாலியப் பாராளுமன்றத்தின் முதல் சமதர்ம உறுப்பினர் கோஸ்தாவின் நினைவாக அந்திரேயா. மூன்று புரட்சியாளர்களை ஒரே தொட்டிலிலே கிடத்தினார் தந்தை. அந்தத் தொட்டிலிலிருந்து எழுந்து வந்தவன் யார்? முசோலினி! (அந்த வீட்டிலே பின்னர் ஒரு பெண் குழந்தை பிறந்தது. அவளுக்கு வாய்த்தது எட்வீஜே என்ற பழைய புனிதவதியின் பெயர். புரட்சி, ஆண் பிள்ளைகளோடு நின்றுவிட்டது போலும்!)

அவன் ஆட்சியிலே, 1928 இல், நாட்டுணர்வையும் சமய உணர்வையும் புண்படுத்தும் பெயர்களைக் குழந்தைகளுக்கு இடலாகாது என்று சட்டம் வந்தது. ரிபெல்லேக்களுக்கும் ஆத்தெயோக்களுக்கும் பூட்டு! 1939 இல் இன்னொரு கட்டளை: இத்தாலியக் குழந்தைக்கு வேற்று நாட்டுப் பெயரே கூடாது என்று. கட்டளை பிறப்பித்த ஆட்சியின் தலைவன் பெயரோ பெனிட்டோ, ஸ்பானியப் பெயர்! பெனெதெத்தோ என்பதுதான் இத்தாலிய வடிவம். சிரிக்கவேண்டியவர்கள் அப்போது சிறையிலே இருந்தார்கள்.

சரி, பெயர் பிழைத்தது, பெண்? 1890 இல் பிறந்த லீபெரா ஒருத்தியை எண்ணிப் பார்ப்போம். இருபது வயதிலே மணம். தாய் எழுதிவைத்த துண்டு நிலத்தை விற்கவேண்டுமானால் கணவனின் ஒப்புதல் வேண்டும். 1865 ஆம் ஆண்டுச் சட்டம் அப்படி. அந்தத் தளை 1919 இல்தான் நீங்கிற்று. மன்னராட்சியா, குடியாட்சியா என்று நாடே முடிவு செய்த 1946 சூன் 2 அன்று வாக்குப் பெட்டியருகே அவள் நிற்கிறாள், வயது 56. மணவிலக்குச் சட்டம் வந்தபோது 80, அது 1970. கணவனே குடும்பத் தலைவன் என்ற விதி 1975 இல் ஒழிந்தபோது, உயிரோடிருந்தால், 85. கட்டற்றவள் என்று பெயர் சூடி, எண்பத்தைந்து ஆண்டுகள் கட்டுக்குள்ளே! பெயருக்குப் பின்னே ஒட்டி வந்த குடும்பப் பெயரும் தந்தையுடையதுதான். தந்தை பெயர் மட்டுமே தானாக ஒட்டும் முறை செல்லாது என்று அரசியல் சட்ட மன்றம் தீர்ப்பளித்தது 2022 இல்.

இன்னொரு பெண்ணையும் நினைக்கவேண்டும். சிசிலித் தீவிலே அல்காமோ ஊர். 1965 டிசம்பரிலே, 17 வயதுப் பெண்ணொருத்தியை ஒருவன் ஆட்களோடு வந்து தூக்கிச் சென்று கெடுத்தான். கெடுத்தவனே மணந்துகொண்டால் குற்றம் கழுவப்பட்டுவிடும் — அன்றைய குற்றவியல் சட்டத்தின் 544 ஆம் பிரிவு அப்படி. ஊரும் அதைத்தான் எதிர்பார்த்தது. மானம் காக்கும் மணமாம்! அந்தப் பெண் முடியாது என்றாள். உழவரான தந்தை அவள் பக்கம் நின்றார். 1966 இல் வழக்கு நடந்து, தூக்கிச் சென்றவனுக்கு 11 ஆண்டுச் சிறை விதிக்கப்பட்டது. அந்தப் பிரிவு 1981 இல் சட்டப் புத்தகத்திலிருந்தே நீக்கப்பட்டது. அவள் பெயர் பிராங்கா வியோலா. பிராங்கா என்ற பெயருக்குப் பழம்பொருள் என்ன தெரியுமா? அதுவும் 'கட்டற்றவள்' என்பதே! ஆனால் அது தெருவுக்கு நால்வர் வைத்துக்கொள்ளும் சாதாரணப் பெயர். பொருளை எண்ணி யாரும் சூட்டுவதில்லை. அவள்தான் அதற்குப் பொருளைத் தந்தாள், தாடி முளைக்கவேண்டும் என்று யாரிடமும் வேண்டாமல்.

அப்படியானால் லீபெரா என்று பெயரிடுவது வீண்தானா என்று கேட்பர் சிலர். அதைவிடக் கூரான கேள்வி ஒன்று உண்டு. அதை நாமே கேட்டுக்கொள்வது நல்லது. மரியா என்று பெயரிடும் தாய் தன் பக்தியைக் குழந்தையின் மேல் திணிக்கிறாள் என்று சாடுகிறோமே, லீபெரா என்று பெயரிடும் தந்தை தன் கொள்கையைத் திணிக்கவில்லையா? குழந்தையைக் கேட்டா வைத்தான்? 'நீ கட்டற்றவள்' என்று, அவள் சம்மதமில்லாமல், அவள் நெற்றியிலே எழுதுகிறானே, இது என்ன விடுதலை?

திணிப்புதான். ஒப்புக்கொள்வோம். பெயரில்லாமல் ஒரு பிள்ளையை வளர்க்க இயலாது; யாரோ ஒருவர் அந்தக் குற்றத்தைச் செய்தே தீரவேண்டும். ஆனால் இரண்டு திணிப்புக்கும் இடையே ஒரு வேறுபாடு இருக்கிறது. மரியா என்ற பெயர் மகளிடம் ஒன்றைக் கேட்கிறது — பணிவை. லீபெரா என்ற பெயர் தந்தையிடம் ஒன்றைக் கேட்கிறது. அது வாழ்த்தன்று, புரோநோட்டு! கையொப்பமிட்டவன் தந்தை, கையிலே வைத்திருப்பவள் மகள். 'கட்டற்றவளே, கதவைத் தாழிட்டுக்கொண்டு உள்ளே இரு!' என்று அவனால் சொல்ல முடியும். ஆனால் சொல்லும்போதே நாக்கு இடறும். 'கட்டற்றவளே, இந்த மாப்பிள்ளைக்குத்தான் நீ கழுத்தை நீட்டவேண்டும்!' என்றால், பக்கத்து வீட்டார் சிரிப்பர். அதுமட்டுமா! அந்தச் சொல் ஏவலுமல்லவா? முற்றத்திலே நின்று 'லீபெரா!' என்று அவன் கூவும் ஒவ்வொரு முறையும், 'விடுவி!' என்று தனக்குத் தானே ஆணையிட்டுக்கொள்கிறான். காது இருந்தால் கேட்கும்.

இத்தாலியச் சட்டத்திலே, பெயரை மாற்றிக்கொள்ள விரும்புவோர், பிரிஃபெத்து என்ற மாவட்ட அதிகாரிக்குக் காரணம் கூறி விண்ணப்பிக்கலாம். 18 வயது நிரம்பிய லீபெரா ஒருத்தி, ஒருநாள் மாலை வீட்டு மேசையருகே அமர்ந்து அந்த விண்ணப்பத்தை எழுதத் தொடங்குகிறாள் என்று வைத்துக்கொள்வோம். மரியா என்ற பெயர்தான் அவளுக்குப் பிடித்திருக்கிறது, பாட்டியின் பெயர். மேசைக்கு அந்தப் புறம், பழைய கட்சிக்காரரான தந்தை. காரணம் என்ற இடத்துக்கு வந்ததும் அவள் பேனாவிலே மை தீர்ந்துவிடுகிறது. தந்தையின் சட்டைப் பையிலே பேனா இருக்கிறது. அவர் அதை எடுத்து நீட்டுவாரா?