சிறிய மொழியும் நமது கடமையும்

தாம்பரம், பெருங்களத்தூர், வண்டலூர், கூடுவாஞ்சேரி என நாளுக்கு நாள் விரிந்துகொண்டே போகும் நமது புறநகர்ப் பகுதியில், அடுக்குமாடிக் கட்டடங்களின் சாரத்தில் நின்று உழைப்போருள் கணிசமானோர் வட மாநிலங்களிலிருந்து வந்தவர்கள். அவர்கள் அனைவரையும் "இந்திக்காரர்கள்" என்ற ஒரே சொல்லால் அழைத்து நாம் பழகிவிட்டோம். அச்சொல்லில் எப்போதும் இழிவுநோக்கம் இருப்பதாகக் கூற முடியாது. ஆனால் அதில் ஓர் அறியாமை இருக்கிறது. ஜார்க்கண்ட், சத்தீஸ்கர், ஒடிசாவின் சுந்தர்கர் மாவட்டம் ஆகிய இடங்களின் பழங்குடியினருள் பலருக்கு இந்தி தாய்மொழி அன்று. குருக், முண்டாரி, கடியா, சந்தாலி ஆகியவையே அவர்களது இல்லத்து மொழிகள். இவர்களுள் கத்தோலிக்கரும் உண்டு. ஞாயிறு திருப்பலியில் நம்மோடு ஒரே அப்பத்தில் பங்குகொள்வோரின் தாய்மொழி இன்னதென்று கூட நாம் அறியாதிருப்பது சிறு குறையா, அல்லது அன்பின் குறையா? பிறருடைய சிறிய மொழிக்கு நாம் ஏதேனும் கடமைப்பட்டிருக்கிறோமா? இதைச் சற்று ஆழ்ந்து சிந்திப்போம்.

எடுத்துக்காட்டாகக் குருக் மொழியையே எடுத்துக்கொள்வோம். ஓராவோன் என்று அழைக்கப்படும் பழங்குடி மக்களின் மொழி இது. 2011-ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி இதைத் தாய்மொழியாகக் கொண்டோர் ஏறத்தாழ 20 லட்சம் பேர். ஆசியப் பழங்குடியினரிலிருந்து முதன்முதலில் கர்தினாலாக உயர்த்தப்பட்ட ராஞ்சிப் பேராயர் டெலஸ்ஃபோர் டோப்போ (1939-2023) இம்மக்களுள் ஒருவர். நம்மில் பலர் அறியாத செய்தி ஒன்றுண்டு. குருக், தமிழைப் போலவே திராவிட மொழிக் குடும்பத்தைச் சேர்ந்தது. பல்லை அவர்கள் "பல்" என்றே சொல்கின்றனர். "நீ" என்பது அவர்களிடம் "நீன்". "நான்" என்பது "ஏன்". "வாய்" என்பது "பய்". யாரை நாம் இந்திக்காரர் என்று ஒதுக்கினோமோ, அவர் தமது குழந்தையோடு நமது மொழியின் தூரத்து உறவில் பேசிக்கொண்டிருக்கிறார்.

மொழி எங்கே வாழ்கிறது?

மொழி நூல்களில் வாழ்கிறது என்று எண்ணுவது படித்தவர்களின் மயக்கம். குருக் மொழிக்கு 1900-ஆம் ஆண்டிலேயே ஃபெர்டினாண்டு ஹான் என்ற லூத்தரன் மறைபரப்பாளர் இலக்கணம் எழுதினார். 1924-இல் கிரிக்னார்டு என்ற இயேசு சபைக் குரு அகராதி வெளியிட்டார். இவை பெருந்தொண்டுகள். ஆயினும் அம்மொழியைத் தலைமுறை தலைமுறையாகக் காத்தது அகராதி அன்று. ஊர் நடுவே மரத்தடியில் அமைந்த "அக்ரா" என்னும் ஆடுகளமும், இளைஞர்கள் இரவில் கூடித் தங்கிய "தும்குடியா" என்னும் கூடமுமே அதைக் காத்தன. எந்த மாதத்தில் எந்தப் பாட்டைப் பாடலாம், யாரை எம்முறை சொல்லி அழைக்க வேண்டும், வேட்டையிலும் விதைப்பிலும் யாருக்கு என்ன பங்கு என்பதையெல்லாம் இளையோர் அங்கே முதியோரிடமிருந்து கற்றனர். சால மரம் பூக்கும் காலத்துச் சர்ஹுல் விழாவும், மரக்கிளை நட்டு ஆடும் கரம் விழாவும் அம்மொழிக்குப் பள்ளிக்கூடங்களாய் இருந்தன. மொழி என்பது சொற்களின் தொகுதி மட்டுமன்று. உறவுகளின் ஒழுங்கு அது.

ஆகவே உறவு கலையும்போது மொழியும் கலைகிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் அசாம், வட வங்கத் தேயிலைத் தோட்டங்களுக்குக் கூலிகளாகக் கொண்டுசெல்லப்பட்ட ஓராவோன், முண்டா, கடியா மக்கள் ஒரே லயத்தில் கலந்து வாழ நேர்ந்தபோது, எல்லாருக்கும் பொதுவான சாத்ரி மொழி வேலைமொழியாயிற்று. பிறகு வீட்டுமொழியும் ஆயிற்று. அவர்தம் வழித்தோன்றல்களுள் பலர் இன்று முன்னோரின் மொழியை அறியார். தடைச்சட்டம் எதுவும் இல்லாமலேயே இது நிகழ்ந்தது. தேயிலைத் தோட்டம் செய்ததை நமது புறநகரும் செய்யக்கூடும்.

இவ்வேதனை தமிழருக்குப் புதிதன்று. அதே நூற்றாண்டில் கரும்புத் தோட்டங்களுக்காகக் கப்பலேறிய நம்மவரின் சந்ததியார் ரெயூனியன் தீவில் இன்று பேசுவது பிரெஞ்சும் கிரியோலும். 1860-இல் சென்னையிலிருந்து டர்பன் நகர் சேர்ந்த தமிழரின் வழிவந்தோர் தென்னாப்பிரிக்காவில் பெரும்பாலும் ஆங்கிலமே பேசுகின்றனர். பெயரில் தமிழ் இருக்கிறது, நாவில் இல்லை. அவர்களை நினைத்து வருந்தும் நாம், நம் ஊருக்கு வந்தோரின் நாவைப் பற்றியும் நினைக்க வேண்டாமா?

ஒரு நியாயமான மறுப்பு

"மொழி ஒரு கருவிதானே? பிழைப்புக்கு உதவும் மொழியை ஒருவர் ஏற்று, உதவாததைக் கைவிட்டால் அதில் பாவம் என்ன? ஓர் ஏழைத் தொழிலாளி தம் பிள்ளை ஆங்கிலமும் இந்தியும் தமிழும் கற்று முன்னேற வேண்டுமென்று விரும்பினால், நீ குருக்தான் பேச வேண்டும் என்று சொல்ல நாம் யார்?" என்று சிலர் கேட்கலாம். கேள்வி நேர்மையானது. எந்த மனிதரையும் அருங்காட்சியகப் பொருளாக்க நமக்கு உரிமையில்லை. மொழிக்காக மனிதர் படைக்கப்படவில்லை. மனிதருக்காகவே மொழி உள்ளது.

ஆனால் இங்கே இரண்டு செயல்களைப் பிரித்தறிய வேண்டும். இன்னொரு மொழியைக் கற்பது ஒன்று. சொந்த மொழிக்காக வெட்கப்படுவது வேறொன்று. முன்னது செல்வத்தைப் பெருக்குகிறது. பின்னது உள்ளதைப் பறிக்கிறது. பேருந்தில் தாயோடு தாய்மொழியில் பேசும் சிறுமி, பக்கத்து இருக்கையில் எழும் சிரிப்பைக் கண்டு பேச்சை நிறுத்திக்கொள்கிறாள் என்றால், அவள் எதையும் தேர்ந்துகொள்ளவில்லை; அவள் சார்பில் அந்தச் சிரிப்பு தேர்ந்துகொண்டது. வெட்கத்தின் அழுத்தத்தில் செய்யப்படும் தேர்வு சுதந்திரமானதன்று என்பதை அறநெறி இறையியல் நமக்குக் கற்பிக்கிறது. அதன் விலையும் பெரிது. பாட்டிக்கும் பேத்திக்கும் இடையே பொதுச்சொல் இல்லாமற் போகிறது. மரணப் படுக்கையில் ஒருவர் குழந்தைப் பருவத்து மொழிக்கே திரும்பக்கூடும். அவ்வேளையில் அவர் சொல்வது சொந்தப் பிள்ளைக்கே விளங்காமற் போவதை விடக் கொடிய தனிமை வேறென்ன?

திருச்சபையின் இரு முகங்கள்

இக்கேள்வியில் திருச்சபையின் வரலாறே நமக்கு ஆசானாக நிற்கிறது. தமிழகத்தில் அவ்வரலாறு பெருமைக்குரியது. என்றிக் என்றீக்கஸ் அடிகளாரின் "தம்பிரான் வணக்கம்" 1578-இல் கொல்லத்தில் தமிழ் எழுத்தில் அச்சேறியது. வீரமாமுனிவர் 1732-இல் சதுரகராதி தந்தார். நமது மொழியின் முன் மறைபரப்பாளர் மாணவராய் அமர்ந்தனர்.

இனி வடதுருவத்தை நோக்குவோம். கனடா, கிரீன்லாந்து, அலாஸ்கா ஆகிய பனிநிலங்களில் வாழும் இனுயிட் மக்களின் மொழியைப் பேசுவோர் எல்லாரையும் கூட்டினாலும் ஏறத்தாழ ஒரு லட்சமே தேறுவர். அம்மொழிக்கும் மறைபரப்பாளர் எழுத்துமுறையைப் பரப்பினர். கத்தோலிக்கக் குருக்கள் அகராதி தொகுத்தனர். ஆனால் கனடா அரசு ஏற்படுத்திய உறைவிடப் பள்ளிகளில், பல்லாண்டுகளாக ஏறத்தாழ 1,50,000 பழங்குடிக் குழந்தைகள் பெற்றோரிடமிருந்து பிரித்து வளர்க்கப்பட்டனர். தாய்மொழி பேசியதற்காகப் பலர் தண்டிக்கப்பட்டனர். இனுயிட் குழந்தைகளும் அவர்களுள் இருந்தனர். அப்பள்ளிகளுள் பலவற்றை நடத்தியவை கத்தோலிக்க அமைப்புகள். திருத்தந்தை பிரான்சிஸ் 2022 ஜூலை மாதம் கனடா சென்று, இறுதியாக 29-ஆம் நாள் இனுயிட் மக்களின் இக்காலுயிட் நகரில் அப்பள்ளிகளில் துன்புற்றோரைச் சந்தித்து மன்னிப்பு வேண்டினார்.

ஒரே திருச்சபை, ஒரே நற்செய்தி. தமிழகத்தில் மாணவராய் அமர்ந்தவர்கள் அங்கே ஏன் வாய்ப்பூட்டுப் போட்டார்கள்? காரணங்கள் பல இருக்கலாம். ஒன்று மட்டும் என் மனத்தை உறுத்துகிறது. இங்கே அவர்கள் சந்தித்தது புலவரும் புரவலரும் காத்து நின்ற மொழியை. அங்கே சந்தித்தது எண்ணிக்கையிலும் ஆற்றலிலும் எளிய ஒரு மக்களை. மரியாதை, மொழியின் மாண்பைப் பார்த்து வரவில்லை. பேசுவோரின் பலத்தைப் பார்த்து வந்தது. பலத்துக்குத் தலைவணங்குவதை மரியாதை என்று அழைக்க முடியுமா?

இன்னொன்றும் தெளிவாகிறது. அகராதியும் வாய்ப்பூட்டும் ஒரே காலத்தில் இருக்க முடிந்தது! பனிக்கு அம்மக்களிடம் எத்தனை சொற்கள் என்று வியந்த உலகம், அச்சொற்களைச் சொல்லத் துடித்த குழந்தையின் குரலுக்குச் செவிகொடுக்கவில்லை. மொழியைப் போற்றுவது என்பது முதலாவதாகப் பேசுபவரைக் கேட்பது. எஞ்சியவை அதன்பின் வருபவை.

நாம் செய்யக்கூடியது

இங்கே ஓர் எச்சரிக்கை தேவை. குருக் திராவிட மொழி என்று மேலே கண்டோம். அது நமக்கு மகிழ்ச்சி தரும் செய்தி. ஆனால் அதற்காக மட்டும் அதை மதித்தால், நாம் மதிப்பது நம்மையே. முண்டாரியும் கடியாவும் சந்தாலியும் நமக்கு எவ்வகையிலும் உறவல்ல. அவற்றைப் பேசுவோரும் அதே மாண்புடையோரே. உறவினரை மட்டும் நேசிப்பதில் என்ன நன்மை உண்டு என்று ஆண்டவரே கேட்டிருக்கிறாரே!

தமிழுக்காக 1938-இலும் 1965-இலும் சிறை சென்ற, உயிர்நீத்த மக்களின் வழிவந்தவர்கள் நாம். பெரிய மொழி சிறிய மொழியை விழுங்கக் கூடாது என்று நாம் வாதிட்டோம். அந்த நீதி உண்மையானால், நாமே பெரியவர்களாய் நிற்கும் இடத்திலும் அது செல்லுபடியாக வேண்டும். இல்லாவிடில் நாம் கேட்டது நீதியன்று, வெறும் முன்னுரிமை.

நமது பங்குகள் பெரிய திட்டங்கள் தீட்ட வேண்டியதில்லை. புதிதாய் வந்தவரிடம் "உங்கள் வீட்டில் என்ன மொழி பேசுவீர்கள்?" என்று ஒரு முறை கேட்கலாம். அவர்களுக்காக இந்தித் திருப்பலி வைப்பது நல்லதே. அதோடு கடமை முடிந்தது என்று எண்ணாமல், கிறிஸ்து பிறப்பு விழாவிலேனும் அவர்கள் தங்கள் மொழியில், தங்கள் முழவோசையோடு ஒரு பாடல் பாட இடம் தரலாம். மறைக்கல்வி வகுப்பில் அவர்களது பிள்ளை தமிழைத் திக்கித் திக்கிப் பேசும்போது, சிரிக்கும் பிள்ளைகளைத் திருத்தலாம். அன்பியக் கூட்டத்தில் அவர்களுக்கு ஓர் இருக்கையையும், பேசி முடிக்கும்வரை பொறுமையையும் தரலாம். அவர்களது மொழியைக் காப்பது அவர்களது உரிமை, அவர்களது பொறுப்பு. அதைப் பேச அவர்கள் அஞ்சாத ஊராக நம் ஊரை வைத்திருப்பது நமது பொறுப்பு.

பெந்தகோஸ்து நாளில் தூய ஆவியார் கூடியிருந்தோர் அனைவரையும் ஒரே மொழி பேசச் செய்யவில்லை. ஒவ்வொருவரும் தத்தம் தாய்மொழியிலேயே கேட்கும்படி செய்தார். அக்கூட்டத்தில் பெரிய பேரரசின் மொழியினரும் இருந்தனர், சிறு நாட்டவரும் இருந்தனர். யாருடைய செவியும் விடுபடவில்லை.