கென்னடி படித்த புத்தகம்

“அப்போ, தப்பான புத்தகத்தைப் படிச்சதாலதான் உலகம் தப்பிச்சுதா மாமா?”

கேட்டுவிட்டு எதிர்வீட்டுப் பெண் அவள் பாட்டுக்குப் போய்விட்டாள். ஐ.ஏ.எஸ். பரீட்சைக்குப் படிக்கிறவள். சர்வதேச உறவு, உலகப் பாதுகாப்பு என்று கோச்சிங் சென்டரில் கொடுத்த புத்தகப் பட்டியல் பக்கம் பக்கமாக நீண்டிருந்தது. அவ்வளவும் படிக்க நேரமில்லை, ஒன்றே ஒன்று சொல்லுங்கள் என்று வந்திருந்தாள். பார்பரா டக்மனின் ‘தி கன்ஸ் ஆஃப் ஆகஸ்ட்’ நூலை எடுத்துக் கொடுத்தேன். 1914 ஆகஸ்டில் முதல் உலகப் போர் மூண்ட முதல் மாதத்தின் கதை. 1962 அக்டோபரில், கியூபாவில் சோவியத் ஏவுகணைகள் இருப்பது தெரியவந்து, இரண்டு வல்லரசுகளும் அணுகுண்டைக் கையில் வைத்துக்கொண்டு முறைத்து நின்ற நாட்களில் அமெரிக்க அதிபர் கென்னடியை நிதானம் தவறாமல் வைத்திருந்த புத்தகம் இது என்று ஒரு பீடிகையும் போட்டேன்.

படித்து முடித்தவள் விசாரித்தும் வந்திருந்தாள். யாருமே விரும்பாமல், கணக்குப் பிசகி, எல்லோரும் போருக்குள் தடுக்கி விழுந்தார்கள் என்று இந்த நூல் சொல்வதை வரலாற்றாசிரியர்களில் பலர் ஒப்புக்கொள்வதில்லையாமே? அதிலிருந்து பிறந்தது அந்தக் கேள்வி. அவளுக்கு அது போகிற போக்கில் வந்தது. எனக்குத்தான் ராத்திரி விளக்கை அணைத்த பிறகும் குடைந்துகொண்டிருக்கிறது.

கென்னடி அந்த நூலைப் படித்ததோடு நிற்கவில்லை. கூட இருந்தவர்களைப் படிக்கச் சொன்னார். பிரிட்டிஷ் பிரதமர் மாக்மில்லனுக்கு ஒரு பிரதி கொடுத்தார். ‘அக்டோபர் ஏவுகணைகள்’ என்று நாளைக்கு ஒருவர் இதே மாதிரி புத்தகம் எழுத நான் இடம் தரமாட்டேன் என்று தம்பி ராபர்ட்டிடம் சொன்னதாக, ராபர்ட் எழுதிய ‘தர்ட்டீன் டேஸ்’ சொல்கிறது. இவை போக அவர் சொல்லிவந்த ஒரு துணுக்கு உண்டு. போர் தொடங்கிய பிறகு ஜெர்மனியின் முன்னாள் சான்சலர் பியூலோ, தனக்கு அடுத்துப் பதவிக்கு வந்த பெத்மன் ஹோல்வெக்கைப் பார்க்கப் போகிறார். இதெல்லாம் எப்படித்தான் நடந்தது என்று கேட்கிறார். பெத்மன் தன்னுடைய நீண்ட, மெலிந்த கைகளை வானத்தை நோக்கித் தூக்குகிறார். அது தெரிந்தால்தான் பரவாயில்லையே என்கிற பாவனையில் சோர்ந்துபோன குரலில் பதில் வருகிறது.

அந்தக் கைகளை விட்டு என்னால் நகர முடியவில்லை. ஏனென்றால் அவற்றை நான் பார்த்திருக்கிறேன்.

எங்கள் தாத்தாவுக்கும் அவருடைய பங்காளிக்கும் வரப்புத் தகராறு. நான் பிறப்பதற்கு முன்பே பேச்சுவார்த்தை நின்றுபோயிருந்தது. கல்யாணம் காட்சிக்கு அந்த வீட்டுக்குச் சொல்லிவிடுவதில்லை; சாவுக்கு மட்டும் போய் நின்றுவிட்டு, ஒரு வாய் தண்ணீர்கூடக் குடிக்காமல் வந்துவிடுவார்கள். கோர்ட்டில் வாய்தா மேல் வாய்தாவாகக் கேஸ் ஓடியது. “எப்படி தாத்தா சண்டை வந்துச்சு?” என்று ஒருநாள் கேட்டேன். திண்ணையில் உட்கார்ந்திருந்தவர், துண்டு தோளிலிருந்து நழுவ, இரண்டு கைகளையும் மேலே தூக்கினார். “அந்த ஈஸ்வரனுக்குத்தான் தெரியும்ப்பா!” உலகத்திலேயே மிகவும் பாவப்பட்ட மனிதர் அவர்தான் என்று அன்றைக்கு எனக்குத் தோன்றியது.

அவர் போய்ப் பல வருஷம் கழித்துப் பாட்டி சொன்னாள். நடவுக்கு முன்னால் அண்டை வெட்டுவார்கள் இல்லையா, வரப்பின் பக்கவாட்டுப் புல்லை மண்வெட்டியால் செதுக்கிச் சேறு பூசுவார்கள்; அப்போது தாத்தா ஆளைக் கூடவே நின்று ஏவி, நம் பக்கத்தைக் கொஞ்சம் ஆழமாகவே வெட்டச் சொல்வாராம். வரப்பு மெலியும். மெலிந்த வரப்பு தண்ணீருக்கு உடையாமல் இருக்கப் பங்காளி அவர் பக்கத்தில் மண் போட்டு அணைப்பார். அடுத்த வருஷம் இவர் மறுபடியும் ஆழமாக வெட்டுவார். இப்படியே வரப்பு கால் முளைத்து அந்தப் பக்கம் நடந்துகொண்டிருந்தது. ஈஸ்வரனுக்கு மட்டும் தெரிந்த விஷயம் இல்லை அது.

பெத்மனின் கதையிலும் ஒரு மண்வெட்டி இருக்கிறது. 1914 ஜூலை 5-ஆம் தேதி, செர்பியா விஷயத்தில் ஆஸ்திரியா என்ன செய்தாலும் ஜெர்மனி பின்னால் நிற்கும் என்று பேரரசர் கைசர் வாக்குக் கொடுத்தார். மறுநாள் அதை உறுதிசெய்தவர் பெத்மன். போர் தொடங்கி ஆறு வாரம் முடிவதற்குள், செப்டம்பர் 9-ஆம் தேதி, ஜெயித்தால் பெல்ஜியத்தை என்ன செய்வது, பிரான்ஸிடமிருந்து எதைப் பிடுங்குவது என்று ஒரு திட்டம் அவர் பெயரில் தயாராகியிருந்தது. இந்த ஆவணத்தைத் தோண்டியெடுத்து, ஜெர்மனி வேண்டுமென்றே ஆபத்தை விலைக்கு வாங்கியது என்று ஃபிரிட்ஸ் ஃபிஷர் என்ற ஜெர்மானிய வரலாற்றாசிரியர் எழுதிய தடித்த நூல் வந்தது 1961-இல். டக்மன் நூலுக்கு ஒரு வருஷம் முன்னால். சொந்த நாட்டில் அவருக்குக் கிடைத்த வசவு கொஞ்சமில்லை.

துணுக்கை முதலில் சொன்னவர் யார் என்றும் பார்க்க வேண்டியிருக்கிறது. பியூலோவின் நினைவுக் குறிப்புகள் அவர் இறந்த பிறகு 1930-இல் வெளிவரத் தொடங்கின. 1909-இல் பதவி பறிபோன ஆத்திரம் அதில் பக்கத்துக்குப் பக்கம் கொதிக்கிறது. தனக்குப் பின்னால் வந்தவர் கையாலாகாதவர் என்று காட்டுவதில் அவருக்கு ஒரு குஷி. ஆக, கைகள் உண்மையிலேயே அவ்வளவு உயரம் போயினவா, அல்லது பியூலோ தூக்கிவிட்டாரா? இரண்டாவதாகத்தான் இருக்கும் என்பது என் சந்தேகம். ஒரு வயிற்றெரிச்சல்காரர் சொன்ன கதை, ஐம்பது வருஷத்துக்குள் வெள்ளை மாளிகைக்குப் போய்ச் சேர்ந்து உலகத்துக்கு நல்லது செய்திருக்கிறது.

டக்மனைக் குறைசொல்ல எனக்கு மனம் வராது. முனைவர் பட்டமில்லாமல் வரலாறு எழுதியவர். 1914-இல் இரண்டு வயதுக் குழந்தையாக, தாத்தா அமெரிக்கத் தூதராக இருந்த கான்ஸ்டான்டினோபிளுக்குப் பெற்றோருடன் கப்பலில் போனபோது, பிரிட்டிஷ் கப்பல் ஒன்று ஜெர்மனியின் கோபென் போர்க்கப்பலைத் துரத்தியது அந்தக் கப்பலிலிருந்து தெரிந்தது. அந்தத் துரத்தலுக்கு நூலில் ஓர் அத்தியாயமே உண்டு. அவர் எழுத்தில் நான் திரும்பத் திரும்பப் படிக்கிற இடம் ஆகஸ்ட் 1-ஆம் தேதி பெர்லின். பிரான்ஸ் மீது போக வேண்டாம், படையை ரஷ்யப் பக்கம் திருப்புங்கள் என்று கைசர் கடைசி நேரத்தில் சொல்கிறார். தளபதி மோல்ட்கேவுக்கு நிலைகுலைந்துவிடுகிறது. 11,000 ரயில்கள், எந்த ரயில் எந்தப் பாலத்தை எத்தனை மணிக்குக் கடக்க வேண்டும் என்பதுவரை போட்ட அட்டவணை. போட்டது போட்டதுதான், மாற்ற முடியாது என்கிறார். கைசர் கசப்போடு விட்டுக்கொடுக்கிறார். மனிதர்களை அட்டவணை ஓட்டியது என்று இதைப் படிக்கும் யாருக்கும் உடம்பு சிலிர்க்கும். ஆனால் அதே அத்தியாயத்தில் டக்மனே இன்னொன்றையும் எழுதிவைத்திருக்கிறார். ரயில்வே பிரிவின் தலைவராக இருந்த ஸ்டாப் என்ற ஜெனரல், அந்தப் படைகளில் பெரும்பகுதியைத் திருப்பியிருக்க முடியும் என்று போருக்குப் பின் வரைபடத்தோடு நிரூபித்துப் புத்தகம் போட்டார். முடியாது என்பது மோல்ட்கேவின் வாயில் இருந்தது. தண்டவாளத்தில் இல்லை.

நான் அந்தப் பெண்ணுக்கு இதைச் சொல்லியிருந்தால் அவள் விட்டிருப்பாளா? விட்டிருக்கமாட்டாள். ‘அப்போ எதைத்தான் நம்புறது?’ என்று அடுத்தது வந்திருக்கும்.

சரியான வரலாற்றைப் படித்துத் தப்பான முடிவுக்குப் போனவர்களும் இருக்கிறார்கள் என்பதுதான் தொல்லை. சர்வாதிகாரிக்கு இடம் கொடுத்தால் மடத்தைப் பிடுங்குவான் என்பது ஹிட்லருக்கு விட்டுக்கொடுத்த 1938 மியூனிக் ஒப்பந்தம் கற்றுக்கொடுத்த பாடம். அதைப் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொண்டவரல்ல ஆந்தனி ஈடன். முசோலினிக்கு வளைந்துகொடுப்பது பிடிக்காமல் அதே வருஷம் பிப்ரவரியில் பிரிட்டிஷ் வெளியுறவு அமைச்சர் பதவியை உதறியவர். 1956-இல் எகிப்து அதிபர் நாசர் சூயஸ் கால்வாயை நாட்டுடைமை ஆக்கியபோது பிரதமராக இருந்த ஈடனுக்குக் கண்ணில் பட்டது இன்னொரு முசோலினி. படையை அனுப்பினார், அமெரிக்கா கைவிரித்தது, அடுத்த ஜனவரியில் பதவி போனது. 1962-இலும் மியூனிக் வந்து நின்றது. அக்டோபர் 19-ஆம் தேதி விமானப்படைத் தளபதி லெமே, கியூபா மீது குண்டு போடாமல் கடல் முற்றுகையோடு நிறுத்துவது கிட்டத்தட்ட மியூனிக் அளவுக்கு மோசமானது என்று கென்னடியின் முகத்துக்கு நேரே சொன்னார். ஒலிநாடாவில் இருக்கிறது. யாரிடம் சொன்னார் என்பதைக் கவனியுங்கள். மியூனிக் காலத்தில் லண்டனில் அமெரிக்கத் தூதராக இருந்து அந்த ஒப்பந்தத்தை ஆதரித்தவரின் மகன் அவர். தானே 1940-இல், இருபத்து மூன்று வயதில், ‘வொய் இங்கிலாந்து ஸ்லெப்ட்’ என்று இதைப் பற்றி நூல் எழுதியவர். இரண்டு புத்தகமும் அவர் தலைக்குள் இருந்தன. எழுதியதை ஒதுக்கிவைத்துவிட்டு, படித்ததை எடுத்துக்கொண்டார்.

அந்த நெருக்கடியைச் சொல்கிற ‘தர்ட்டீன் டேஸ்’ மட்டும் யோக்கியமா என்றால், அதுவும் சீவப்பட்ட வரப்புதான். துருக்கியிலிருந்த அமெரிக்க ஏவுகணைகளை எடுத்துவிடுவதாகச் சோவியத்துக்கு ரகசியமாக ஒப்புக்கொண்ட விவகாரம் அதில் மங்கலாக்கப்பட்டது. ராபர்ட் சுட்டுக்கொல்லப்பட்ட பின் கையெழுத்துப் பிரதியைச் சரிபார்த்த, கென்னடியின் ஆலோசகர் சோரன்சன், வெளிப்படையான அந்த வரிகளை நீக்கியது தான்தான் என்று 1989-இல் ஒப்புக்கொண்டார். நடுவில் இருபது வருஷம், முறைத்தால் எதிரி பணிவான் என்று அந்தப் புத்தகத்திலிருந்து பாடம் படித்தவர்கள் எத்தனை பேரோ.

இதையெல்லாம் யோசிக்கும்போது சோவியத் கடற்படை அதிகாரி வசீலி அர்கிபோவ் நினைவுக்கு வருகிறார். 1962 அக்டோபர் 27, கியூபாவுக்கு அருகே கடலுக்கடியில் பி-59 சோவியத் நீர்மூழ்கி. மேலே வரச்சொல்லி அமெரிக்கக் கப்பல்கள் பயிற்சிக் குண்டுகளைப் போடுகின்றன. உள்ளே வேர்வையும் புழுக்கமும், மாஸ்கோவோடு தொடர்பில்லை. போர் தொடங்கிவிட்டது என்று நினைத்த கேப்டன், அணுகுண்டு பொருத்திய டார்பிடோவைத் தயார் செய்யச் சொன்னதாகவும், அர்கிபோவ் அவரை அமைதிப்படுத்தியதாகவும் உடனிருந்தவர்கள் பின்னால் சொன்னார்கள். அர்கிபோவ் முந்தைய வருஷம் ஜூலையில் கே-19 நீர்மூழ்கியில் இருந்தவர். அதன் அணு உலை பழுதாகி, சரிசெய்யப் போன சக மாலுமிகள் கதிர்வீச்சில் செத்த விபத்திலிருந்து தப்பியவர். அவரை நிதானப்படுத்தியது அந்த அனுபவம் என்றுதான் நான் நினைக்கிறேன். அதை எந்தப் பட்டியலில் சேர்ப்பது?

சுற்றிச் சுற்றி நான் வந்து முட்டுகிற இடம் இது: கென்னடிக்கு எதிரில் இருந்த சோவியத் தலைவர் குருஷ்சேவுக்கும் போர் வேண்டாமாக இருந்தது. அதனால் டக்மன் பலித்தார். எதிரில், ஃபிஷர் வரைந்த மாதிரி, கணக்குப் போட்டு வரப்பு சீவுகிற ஆள் உட்கார்ந்திருந்தால், தெரியாமல் நடந்துவிடக் கூடாது என்ற இதே ஜாக்கிரதை இன்னும் இரண்டு அங்குலம் வரப்பை விட்டுக்கொடுத்திருக்கும். எதிரில் இருப்பவர் எந்த ரகம் என்பது நெருக்கடி முடிந்த பிறகுதான் தெரிகிறது, பல சமயம் ஆவணக் காப்பகத்தைத் திறந்த பிறகு.

அப்படியானால் இரண்டையும் படி என்று சொல்லிவிடலாம். ஆனால் எந்தப் புத்தகம் முதலில் கைக்கு வருகிறதோ அதுதான் மனதில் உட்காருகிறது. இரண்டாவது அதோடு வாதாடிக்கொண்டே நுழைகிறது. டக்மனை முதலில் படித்த நான், ஃபிஷரைப் படித்த பிறகும் அந்த அட்டவணைப் பக்கத்துக்குத்தான் திரும்பிப் போகிறேன். சண்டைக்கு நிற்கிற சுபாவம் உள்ளவருக்கு டக்மனையும், விட்டுக்கொடுத்தே போகிறவருக்கு ஃபிஷரையும் முதலில் கொடுத்துப் பார்க்கலாம் என்று ஒரு யோசனை ஓடுகிறது. ஆளின் சுபாவத்தைப் புத்தகம் கொடுக்கிறவன் எடைபோட முடியுமா, போட்டாலும் அது சரியாக இருக்குமா என்பதில் எனக்கே நிச்சயமில்லை.