மருந்துக்கென்று ஓர் உயிர்

நபிகள் நாயகம் (ஸல்) அவர்களிடம் ஒரு வைத்தியர் வந்தார். தவளையை மருந்தில் சேர்க்கலாமா என்பது அவர் கேள்வி. அதைக் கொல்லக் கூடாதென்று அண்ணலார் தடுத்துவிட்டார்கள். அபூதாவூதில் பதிவாகியுள்ள இந்த ஹதீஸை, மதரஸாவில் ஓதிய காலத்தில், தவளை உண்பது ஹராம் என்பதற்கு ஆதாரமாக மட்டும் மனனம் செய்துகொண்டு நாம் அடுத்த பாடத்துக்குப் போய்விட்டோம். கேட்டவர் வேட்டைக்காரரல்லர், நோய் தீர்க்க விரும்பிய வைத்தியர் என்பது அன்று நம் கருத்தில் படவில்லை.

தென் அமெரிக்காவில் பெரு, பொலிவியா நாடுகளுக்கிடையே டிட்டிகாக்கா என்றோர் ஏரி உண்டு. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 3,800 மீட்டர் உயரம். அங்குள்ள ஒருவகைத் தவளை நீருக்குள்ளேயே வாழ்கிறது. நுரையீரல் மிகச் சிறியது. தோலோ, தம்பிக்கு அண்ணன் சட்டையை மாட்டியதுபோல் மடிப்பு மடிப்பாகத் தொங்கும். அந்தத் தோலால்தான் பெரும்பாலும் சுவாசிக்கிறது. மூச்சு போதாவிட்டால் உடலை மேலும் கீழும் அசைத்து, மடிப்புகளில் புது நீர் பாயச் செய்கிறது. படைத்தவனின் ஏற்பாட்டை என்னென்பது!

இந்தத் தவளையைத் தோலுரித்து, தேனும் ஒருவகைக் கிழங்கும் சேர்த்தரைத்துச் சாறாக விற்பது பெரு நாட்டுச் சந்தைகளில் வழக்கம். ஆஸ்துமாவுக்கு நல்லது, பலவீனத்துக்கு நல்லது என்பது நம்பிக்கை; மெய்ப்பிக்கப்படவில்லை. இனமே அருகி வருவதால், 2016-ல் உலக நாடுகள் கூடி இதன் பன்னாட்டு வணிகத்தைத் தடுத்தன. அந்நாட்டாருக்கு ஃபத்வா கொடுக்க நாம் வரவில்லை. கேள்வி நமக்கானது. வேறு மருந்தே இல்லை என்ற நிர்ப்பந்தத்துக்கு மார்க்கத்தில் தனிச் சட்டம் உண்டு. பயன் உறுதியாகாத சாற்றுக்கு அதை இழுப்பது முறையன்று.

அரைப்பவரின் விஷயம் இவ்வளவே. கடினமானது வேறு. அதே 2016-ஆம் ஆண்டு அக்டோபரில், ஏரியில் கலக்கும் கொவாட்டா ஆற்றில் சுமார் 10,000 தவளைகள் மாண்டுபோன செய்தி வந்தது. நகரத்துக் கழிவுநீரே காரணம் என்றனர் ஆற்றங்கரை மக்கள். மேனியெல்லாம் மூக்காக உள்ள பிராணிக்குச் சாக்கடை எப்படியிருக்கும்! கழிவுநீரை விட்டவர்களில் எவரும் தவளையைக் கொல்ல நிய்யத்து வைக்கவில்லை. குளித்தார்கள், துணி துவைத்தார்கள், அவ்வளவுதான். இது கொலையாகுமா?

பொதுவழியில் ஒருவர் குழி தோண்ட, பிறருடைய ஆடு விழுந்து மாண்டால், கொல்லும் எண்ணம் இல்லாவிட்டாலும் அவர் ஈடு கொடுக்க வேண்டும் என்று ஃபிக்ஹு நூல்கள் கூறுகின்றன. ஆட்டுக்கு உடையவர் உண்டு, வந்து கேட்பார். தவளைக்கு உடையவன் அல்லாஹ் ஒருவனே. கேட்க ஆளில்லை என்பதால் பொறுப்பு நீங்கிவிடுமா? ஆயிரமாயிரம் வீடுகளின் சாக்கடையில் தம் பங்கு சொற்பம் என்று ஒருவர் வாதிடலாம். கழிவுநீரைச் சுத்திகரிக்க ஏழைக் குடும்பத்தால் இயலாது என்பதும், ஆள்வோருக்கே பெரும் பங்கு என்பதும் சரிதான். ஆனால் அறியாதவரைக்குமே அந்த வாதத்துக்கு இடமுண்டு. அறிந்த பின்னும், இயன்றதைச் செய்யாமலும் கேட்க வேண்டியவர்களைக் கேட்காமலும் இருப்பவர், குழி தோண்டியவரின் இடத்தில்தான் நிற்கிறார் என்பது நம் கருத்து.

அந்த அக்டோபரில் ஆற்றங்கரை மக்கள், இறந்த தவளைகளில் நூறை எடுத்துக்கொண்டு புனோ நகரின் மையச் சதுக்கத்துக்கே போனார்கள். அதன் பிறகு தெரியாதென்று சொல்ல அங்கு எவருக்கும் வழியில்லை.