முறையும் இரக்கமும்

கொடுத்த வாக்கைக் காப்பது அறம். இடருற்றவருக்கு இரங்குவதும் அறம். இவ்விரண்டும் முரணும்போது எதனைக் கொள்வது? அடகு வைத்த வீடு ஏலத்துக்கு வரும் நாளில் இவ்வினா ஏட்டளவில் நில்லாமல் வாசற்படியில் வந்து நிற்கிறது.

நெகிரி செம்பிலான் தோட்டங்களில் பிறந்தோர்க்கு இதன் கனம் விளங்கும். லாபு, ரந்தாவ், சிலியாவ், போர்ட்டிக்சன் வட்டாரங்களில் தலைமுறை தலைமுறையாகப் பால்மரம் வெட்டியவர்கள் வாழ்ந்த லயன் வீடுகள் தோட்ட நிர்வாகத்துக்கு உரியவை. வேலை முடிந்தால் வீடும் முடிந்தது. தோட்டத்தை விட்டு வந்தபின் வங்கிக் கடனில் வாங்கிய சிறு வீடே பலருக்குத் தம் பெயரில் அமைந்த முதல் மண். அதனை இழப்பது முகவரியையே இழப்பதாகும்.

நீதிமன்றம் இவர்களைக் காக்குமா? 1965ஆம் ஆண்டின் தேசிய நிலச் சட்டப்படி, வங்கி தானாக வீட்டை விற்றுவிட இயலாது. முதலில் முறையான அறிவிப்புத் தர வேண்டும். பின்னர், பட்டாவின் வகைக்கேற்ப உயர் நீதிமன்றத்திடமோ நில நிர்வாகியிடமோ விற்பனை ஆணை கோர வேண்டும். மாறான காரணம் இருந்தால் ஆணை மறுக்கப்படும். நோயும் வேலையிழப்பும் அத்தகைய காரணமாகுமா? ஆகா. பான் ஹின் லீ வங்கி வழக்கில் 1997இல் கூட்டரசு நீதிமன்றம் வகுத்த நெறி இதுவே: அடமான உரிமையில் குற்றம், முன்நிபந்தனையை நிறைவேற்றாமை, சட்டத்துக்கோ நீதிநெறிக்கோ மாறாதல் என்பனவே காரணங்களாகும், துன்பம் மட்டும் போதாது.

இது கல்நெஞ்சமா? அன்று. வங்கியில் இருப்பது பிற உழைப்பாளரின் சேமிப்புமாகும். பிறர் பொருளைக்கொண்டு நீதிபதி ஈகை செய்தல் முறையாகாது.

ஆயினும் அம்முறைக்குள்ளேயே ஈரம் உண்டு. அறிவிப்பு, விசாரணை, ஏலத்துக்குக் குறைந்தபட்ச விலை, ஏலம் முடியும்வரை முழுத் தொகையையும் செலுத்தி மீட்கும் உரிமை, கடனும் செலவும் போக எஞ்சிய தொகை உரிமையாளருக்கே சேர்தல் ஆகியன அவ்வீரத்தின் வடிவங்கள். செங்கோன்மையையும் கண்ணோட்டத்தையும் வள்ளுவர் பொருட்பாலில் அரசியலின்கீழ் ஒருங்கே வைத்ததன் நுட்பம் இங்குப் புலனாகிறது.

ஆனால், இந்த ஈரம் அறிந்தவரையே சென்றடையும். மலாயிலோ ஆங்கிலத்திலோ வந்த கடிதம், வெட்கத்தாலும் அச்சத்தாலும் பிரிக்கப்படாமல் அலமாரியில் கிடந்தால் சட்டம் என்ன செய்யும்? தவணை தவறும் தொடக்கத்திலேயே வங்கியை அணுகித் தவணையை மாற்றியமைக்கக் கேட்கலாம். பேங்க் நெகாரா 2006இல் நிறுவிய கடன் ஆலோசனை அமைப்பான ஏ.கே.பி.கே.யை இலவசமாக நாடலாம். ஏல நாளில் அடைபடும் கதவுகள் பல, அன்று திறந்தே இருக்கும்.

ஆகவே, இரக்கத்தை நீதிபதியிடம் மட்டும் தேடுவது பொருந்தாது. கடன்பட்டவரின் திறனை அளந்து கொடுப்பது வங்கியின் கடமை. வந்த கடிதத்தை உடனே எடுத்து வருவது கடன்பட்டவரின் கடமை. அதனைப் படித்து, பொருள் உரைத்து, உரிய அலுவலகத்துக்கு உடன் செல்வது கற்றவரின் கடமை. தோட்டத்துப் பள்ளியில் எழுத்தறிந்த பிள்ளை, தன் அண்டை வீட்டாருக்கு வந்த அறிவிப்பைப் படித்துக் காட்டும்போதுதான் அக்கல்வி அறமாகிறது.